ஐந்தாம் நிலையத்துத் தண்ணீர்

அந்த ஆறு மலையில் பிறந்து கடலில் போய்ச் சேர எட்டு நாள் எடுத்துக்கொள்ளும். பாடப்புத்தகம் எழுதுகிறவர்கள் அதை மூன்று வரியில் முடித்துவிடுவார்கள். தோன்றுமிடம் ஒன்று, நீளம் ஒன்று, கலக்குமிடம் ஒன்று. பரீட்சையில் கேட்டால் இரண்டு மதிப்பெண். ஆற்றோடு ஒரு நாளாவது கிடந்து பார்த்திருந்தால் அப்படி எழுத மனசு வராது. அளவம்மாவுக்கு அந்த ஆறு ஏழு குரல்கள். தினமும் காலை ஆறு மணிக்குத் தொலைபேசியில் வரிசையாக வருகிற ஏழு குரல்கள். எட்டாவது குரல் அவளுடையது.

மலையிலிருந்து கடலோரம்வரை நீர்மட்டம் பார்க்கிற நிலையங்கள் எட்டு. ஒவ்வொன்றிலும் ஆற்றுக்குள் ஒரு தூண், தூணில் கறுப்பும் வெள்ளையுமாக மீட்டர் கோடுகள், அதைப் படித்துச் சொல்ல ஓர் ஆள். எட்டுப் பேரும் ஒரே இணைப்பில் வருவார்கள். மேலிருந்து கீழே ஒவ்வொருவராக எண்ணைச் சொல்வார்கள். நாலு நிமிடத்தில் ஆறு முழுக்க இறங்கி முடித்துவிடலாம். அளவம்மா இருபது வருஷமாகத் தினமும் அப்படி இறங்கிக்கொண்டிருக்கிறாள். அந்த ஏழு பேரில் ஒருத்தர் முகத்தையும் அவள் பார்த்ததில்லை.

முதல் நிலையத்துக்காரர் இருமிவிட்டுத்தான் எண்ணைச் சொல்வார். அவரிடத்தில் ஆறு, புடவையைக் கொஞ்சம் தூக்கிப் பிடித்தால் தாண்டிவிடக்கூடிய அகலம்தான். இரண்டாவதில் அருவி. அங்கே இருப்பவள் அருவிச் சத்தத்துக்கு மேலே கத்திக் கத்தியே பழகியவள். அவள் ரகசியம் சொன்னாலும் நாலு தெருவுக்குக் கேட்கும். மூன்றாவதில் பச்சை நிறத்தில் ஒரு கிளையாறும் செம்மண் நிறத்தில் இன்னொன்றும் வந்து சேர்கின்றன. சேர்ந்தபிறகும் சண்டை போட்ட சம்பந்திகள் மாதிரி கொஞ்ச தூரம் ஒட்டாமல் பக்கம் பக்கமாகப் போகும். இரண்டு தூணுக்கும் தான் ஒருத்தனே ஆள் என்பது அந்த நிலையத்துக்காரரின் தினசரிப் புலம்பல். நாலாவதில் மலை முடிந்து பாறை போய் மணல் வருகிறது. ஐந்தாவது பெரிய சமவெளி. ஆறாவது இரண்டு குன்றுகளுக்கு நடுவே ஒரு குறுகல். ஏழாவது ஒரு நகரத்துப் பாலம். எப்போது பேசினாலும் பின்னால் வண்டிகளின் ஹாரன். அதற்குக் கீழே ஆறு, விரல் விரலாகப் பிரிந்து, வழியெல்லாம் சுமந்துவந்த வண்டலைத் திட்டுத் திட்டாகக் கொட்டிவிட்டு, அளவம்மாவின் படித்துறையைத் தொட்டுக்கொண்டு கடலுக்குப் போகிறது.

இவர்களில் ஐந்தாம் நிலையத்துக்காரர் ஒரு தனி ரகம். வார்த்தையை இரவல் வாங்கிப் பேசுகிறவர் மாதிரி பேசுவார். எண், அதன்பிறகு ‘ஏற்றம்’, ‘இறக்கம்’, ‘மாற்றமில்லை’ மூன்றில் ஒன்று. முடிந்தது. இருபது வருஷத்தில் அவரிடமிருந்து ஒரு ‘நல்லா இருக்கீங்களா’ வந்ததில்லை. அளவம்மாவும் கேட்டதில்லை.

அந்த முறை மலையில் நாலு நாள் விடாமல் கொட்டித் தீர்த்தது. திங்கள் சாயங்காலம் நாலாம் நிலையத்தில் தூணே முழுகிவிட்டது. நாலிலிருந்து ஐந்துக்கு ஒரு நாள். ஐந்திலிருந்து எட்டுக்கு ஒன்றரை நாள். அளவம்மா தாளில் போட்டுப் பார்த்தாள். வியாழன் காலை என்று வந்தது. மேலதிகாரியான பொறியாளரும் அதையே சொன்னார். பெரிய வெள்ளம் சின்ன வெள்ளத்தைவிட வேகமாகத்தான் வரும், ஆகவே வியாழனுக்கு முன்னேயே வந்தாலும் வரலாம் என்றார்.

எதிரே இருக்கும் திட்டில் நாற்பது வீடுகள். வண்டல் மண்ணில் தர்பூசணி போடுகிறவர்கள். அந்த வாரம்தான் காய் முற்றிப் பழுத்து, வெட்டு வெட்டு என்று கிடந்தது. திட்டுக்குத் தலைவர் மாதிரி இருப்பது அளவம்மாவின் சொந்தத் தம்பி. செவ்வாய் காலை அவள் சொன்னதும் அவன் வீடு வீடாகப் போனான். முணுமுணுத்தவர்களிடம், "எங்கக்கா சொன்னா சொன்னதுதான்" என்று ஒரே போடாகப் போட்டான். மூன்று படகு, இரண்டு நாள். ஆடு, மாடு, பாத்திரம், பிள்ளைகள் என்று நாற்பது குடும்பமும் இக்கரைக்கு வந்து பள்ளிக்கூடத்தில் அடைந்துகொண்டது.

வியாழக்கிழமை காலை வந்தது. தண்ணீர் வரவில்லை. மத்தியானம் வந்தது. ஆறு வழக்கம்போல, ஒன்றும் தெரியாத பிள்ளை மாதிரி, படித்துறையில் கீழிருந்து மூன்றாம் படியிலேயே கிடந்தது. சாயங்காலம் கடல் ஏற்றத்தில் ஒரு சாண் ஏறி, மறுபடி இறங்கிவிட்டது.

"என்ன அளவம்மா, தண்ணி வழி தவறிடுச்சா? ஆள் அனுப்பிக் கூட்டிட்டு வரலாமா?" என்று ஒருத்தர் கேட்டார். எல்லாரும் சிரித்தார்கள். தம்பி மட்டும் சிரிக்கவில்லை. அதுதான் அவளுக்கு உறுத்தியது.

வெள்ளிக்கிழமை காலை ஆறு மணிக்கு இணைப்பில் குரல்கள் வந்தன. மேலே எல்லாம் இறக்கம். ஐந்தாம் நிலையம், "பதினொன்று புள்ளி நாலு. மாற்றமில்லை" என்றது. புதன்கிழமையிலிருந்து அதே எண், அதே வார்த்தை. ஆறாவதில் ஏதோ பெயருக்கு ஏற்றம். ஏழாவதில் அதுகூட இல்லை. இணைப்பை வைத்த ஐந்தாவது நிமிடம் பொறியாளர் கூப்பிட்டார்.

"வெள்ளம் வழியிலேயே அடங்கிடுச்சும்மா. எச்சரிக்கையை எடுத்துடுங்க. ஜனங்களை எத்தனை நாள் உக்கார வெக்கறது?"

அவர் பொல்லாதவர் இல்லை. அவர் முன்னால் இருந்த தாளிலும் அதே எண்கள்தான் இருந்தன. "சரி சார்" என்று வைத்துவிட்டுத் திரும்பினால் தம்பி வாசலில் நிற்கிறான்.

"அக்கா, உண்மையைச் சொல்லு. வருமா, வராதா?"

"வாபஸ் வாங்கச் சொல்லிட்டாங்க."

"அவங்களை விடு. நீ என்ன சொல்றே?"

அவள் மேசையில் கிடந்த தாளைப் பார்த்தாள். அவன் கதவு நிலையில் கையை ஊன்றிக்கொண்டு நின்றான்.

"உன் பேச்சை நம்பி நாற்பது வீட்டைக் கிளப்பினேன். பழம் வெடிக்க ஆரம்பிச்சிருக்கும். ராத்திரி பூரா என் காதுபடவே பேசறாங்க, அக்கா பேச்சைக் கேட்டு ஆடறான்னு. நான் பதில் சொல்லல. என்ன சொல்றது?" படித்துறைப் பக்கம் கையைக் காட்டினான். "மூணு படகும் ரெடி. முதல் படகுல நான் போறேன். நீ வாபஸ்னு எழுதிப் போட்டுடு. அதையாவது சரியா செய்."

அந்தக் கடைசி வார்த்தை அவளுக்கு நெஞ்சில் சுருக்கென்று குத்தியது. அவன் படியிறங்கிப் போகிற வேகத்தைப் பார்த்தபடி நின்றாள். அம்மா போனபிறகு அவனுக்குத் தலைவாரிவிட்டவள் அவள். இன்றைக்கு அவனை ஊர் சிரிக்க வைத்தவளும் அவள்தான்.

அறைக்கு வெளியே சுவரில் ஓர் அறிவிப்புப் பலகை. சாக்கட்டியை எடுத்து ‘எச்சரிக்கை’ என்று எழுதினாள். ‘வாபஸ்’ என்று எழுதவேண்டிய இடத்தில் கை நின்றுவிட்டது.

அறிவு சொன்ன காரணம் ஒன்றும் இல்லை. மனசு கேட்கவில்லை, அவ்வளவுதான். நாலாம் நிலையத்துத் தூணை முழுக அடித்த தண்ணீர் எங்கே? மலை அதைத் திரும்ப வாங்கிக்கொள்ளாது. வெயில் குடித்தது என்று சொல்ல, நாலு நாளாக வெயிலே இல்லை. கடலுக்கு வந்திருந்தால் அவள் படியைத் தாண்டித்தான் வந்திருக்கவேண்டும். அவ்வளவு பெரிய ஒன்று நாலுக்கும் எட்டுக்கும் நடுவே எங்கேயோ இருக்கிறது. பதிவேட்டில் மட்டும் அதைக் காணோம்.

இன்னொன்றும் நினைவுக்கு வந்தது. காலையில் ஐந்தாம் நிலையத்துக்காரர் எண்ணைச் சொன்னபோது பின்னால் ஏதோ சத்தம். சளப், சளப் என்று. இரண்டாம் நிலையமென்றால் சத்தம் இல்லாமல் இருந்தால்தான் அதிசயம். ஐந்திலோ ஆறு உயரமான கரைக்குக் கீழே எங்கேயோ ஓடுகிறது. அவர் பேசும்போது நாற்காலி கிறீச்சிடும், தாள் புரளும். இருபது வருஷத்தில் அங்கிருந்து தண்ணீர்ச் சத்தம் கேட்டதே இல்லை.

சாக்கட்டியைப் போட்டுவிட்டுக் கைப்பேசியை எடுத்தாள்.

"ஐந்தாம் நிலையம். பதினொன்று புள்ளி நாலு. மாற்ற..."

"அண்ணே, எண் வேணாம்," என்றாள். "நீங்க இப்ப எங்க நிக்கறீங்க?"

மறுமுனையில் சளப், சளப்.

"மேசை மேலம்மா."

"எந்த மேசை?"

"ஆபீஸ் மேசைதான். வீடும் இதானே. தரையில இடுப்பளவு தண்ணி. வீட்டுக்காரி பரண்ல இருக்கா."

"எப்பலேருந்து?"

"புதன் காலையிலேருந்து."

"புதன்லேருந்தா! தினமும் மாற்றமில்லைனு சொன்னீங்களே!"

"தூண்ல மாற்றம் இல்லையேம்மா," என்றார் அவர். திருடிவிட்டுச் சமாளிக்கிறவர் குரல் இல்லை அது. வேலையைச் சுத்தமாகச் செய்துவிட்டுத் திட்டு வாங்குகிறவர் குரல். "கரை தாண்டினா தண்ணி மேல ஏறாது. பக்கவாட்டுல பரவும். தூணை ஜன்னல் வழியா நல்லாப் பாக்கறேன், பதினொன்று புள்ளி நாலுதான். அதான் சொன்னேன். வீட்டுக்குள்ள தண்ணி இருக்கான்னு எழுதப் படிவத்துல கட்டம் இல்லையே."

அவரைக் கோபித்துக்கொள்ள அவளுக்கு ஏது முகம்? இவளும் கட்டத்தில் இருப்பதை மட்டும் கேட்டவள்தானே. பெரிய வெள்ளம் வேகமாக வரும் என்று கணக்குப் போட்டவர்களில் ஒருத்தருக்கும் தோன்றவில்லை: வெள்ளம் ரொம்பப் பெரிதாகப் போனால் ஆற்றை விட்டு இறங்கி, வயல் வயலாக உட்கார்ந்து உட்கார்ந்துதான் வரும். சின்ன வெள்ளம் ஒன்றரை நாளில் ஓடிவருகிற தூரத்தை இது எத்தனை நாளில் கடக்கும் என்று யார் கண்டது?

"அண்ணே, வைக்காதீங்க. இங்க ஆட்கள் திட்டுக்குத் திரும்பப் போறாங்க. அவங்ககிட்ட இதைச் சொல்லணும்."

"சார்ஜ் ஒரு கோடுதாம்மா இருக்கு. படகு கேக்கலாம்னு வெச்சிருந்தேன்." ஒரு நொடி யோசித்தார். "பரவால்ல, சொல்லுங்க."

"படகு நான் கேக்கறேன். நீங்க வைக்காம இருங்க!"

படித்துறைக்கு இருபத்துமூன்று படி. ஐம்பத்திரண்டு வயசில் அதை அவள் எப்படி இறங்கினாள் என்று அவளைக் கேட்டால் தெரியாது. முதல் படகில் தம்பி கயிற்றை அவிழ்த்துக்கொண்டிருந்தான். உள்ளே பத்துப் பன்னிரண்டு பேர், பழம் வெட்டுகிற கத்திகள், சாக்குகள். அடுத்த படகில் பெண்கள் பிள்ளைகளை ஏற்றிக்கொண்டிருந்தார்கள்.

"நில்லுங்க!" என்று கத்தினாள். "நான் தப்புப் பண்ணிட்டேன்."

"அதான் தெரியுமே" என்று படகிலிருந்து ஒரு குரல் வந்தது.

"நாள் சொன்னது தப்பு. மணி சொன்னது தப்பு. தண்ணி வருதுன்னு சொன்னது தப்பில்ல. அது வழியில உக்காந்திருக்கு. உக்காந்திருக்கற இடத்துலேருந்து ஒருத்தர் பேசறார், கேளுங்க." கைப்பேசியின் ஒலிபெருக்கியைப் போட்டு உயர்த்திப் பிடித்தாள். "அண்ணே, உங்களைச் சுத்தி என்ன இருக்குன்னு சொல்லுங்க. எண் வேணாம்."

எண் இல்லாமல் பேச அந்த மனுஷனுக்கு வாய் வரவில்லை. தொண்டையைச் செருமினார். அப்புறம் மெல்ல ஆரம்பித்தார்.

"கிழக்கால எங்க கிணறு இருந்தது. இப்ப தெரியல. அதுக்கு அந்தண்டை வயல், வயலுக்கு அந்தண்டை ரயில் பாதை. நேத்துவரைக்கும் பாதையோட மேடு தெரிஞ்சது. இன்னிக்குக் காலையில அதையும் தாண்டிடுச்சு. மேற்கால கண்ணுக்கு எட்டினவரைக்கும் ஒண்ணும் இல்ல. பக்கத்து வீட்டு மாடு நேத்து நீந்திட்டே இருந்தது." நிறுத்தினார். "இனிமே இதுக்குப் பரவ இடம் இல்லைங்க. பாதையைத் தாண்டினதுலேருந்து குறுகலைப் பாத்துத் திரும்பிடுச்சு. இழுப்பு தெரியுது. உங்க பக்கம்தான் வரணும். வேற எங்க போகும்?"

நேற்றுக் கேலி பேசியவர்கள் முகத்தில் ஈயாடவில்லை. இரண்டாவது படகில் குழந்தையை இடுப்பில் வைத்திருந்த ஒருத்தி, கைப்பேசி ஏதோ பக்கத்துவீட்டு ஜன்னல் மாதிரி, அதைப் பார்த்துச் சத்தமாகக் கேட்டாள்:

"ஐயா, நீங்க சாப்பிட்டீங்களா?"

"நேத்து..." என்றார் அவர். அதோடு இணைப்பு போய்விட்டது.

கேட்டவளே முதலில் இறங்கினாள். குழந்தையைக் கரையில் விட்டுவிட்டுத் தன் மூட்டையை இழுத்துப் போட்டாள். பின்னாலேயே மற்றவர்களும் இறங்கினார்கள். தம்பி மட்டும் கயிற்றைக் கையில் பிடித்தபடி, திட்டைப் பார்த்து நின்றான். அங்கிருந்தே பார்த்தால் தெரியும், பச்சைக் கொடிகளுக்கு நடுவே அவன் பழங்கள்.

"எப்ப வரும்?" என்றான், திரும்பாமல்.

"மணி சொல்ல மாட்டேன்டா. சொல்லித் தப்புப் பண்ணியாச்சு. நாளைக்கு இருக்கலாம். இன்னிக்கே இருக்கலாம்."

"ஒரு ரெண்டு மணி நேரம் போயி வெட்டினா..."

"தம்பி."

அவன் கயிற்றை முளையில் கட்டினான். மூன்று சுற்றுச் சுற்றி, தேவைக்கு அதிகமாகவே இறுக்கினான். அவளைப் பார்க்காமல் பள்ளிக்கூடத்தைப் பார்த்து நடந்தான்.

அளவம்மா படியிலேயே உட்கார்ந்து பொறியாளரைக் கூப்பிட்டாள். எச்சரிக்கை அப்படியே இருக்கும் என்றும் ஐந்தாம் நிலையத்துக்கு உடனே படகு வேண்டும் என்றும் சொன்னாள். கேட்டு முடித்தவர், "எனக்கு யாருமே சொல்லலையேம்மா" என்றார்.

"நாம யாருமே கேக்கல சார்."

பத்து நிமிடத்தில் படகு கிளம்பிவிட்டதாகத் அவரிடமிருந்து தகவல் வந்தது. மனுஷர் நல்லவர்தான் என்று முன்னமே சொன்னேன் இல்லையா.

சனிக்கிழமை காலை ஆறு மணி இணைப்பில் நாலாம் நிலையம் முடிந்ததும் எல்லாரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு இருந்தார்கள். படகில் போன யாரோ ஒருவரின் கைப்பேசியிலிருந்து அந்தக் குரல் வந்தது. "ஐந்தாம் நிலையம். பதினொன்று புள்ளி மூன்று. இறக்கம்." கொஞ்சம் தயங்கி, இருபது வருஷத்தில் முதல்முறையாகக் கூடுதலாக இரண்டு வாக்கியம் சொன்னார். "வீட்டுக்காரியைப் படகுல அனுப்பிட்டேன். தூணைப் பாக்க ஆள் வேணுமே, நான் மேசை மேலதான் இருக்கேன்." இரண்டாம் நிலையத்துக்காரி அருவியையும் மீறி, "சாப்பாடு குடுத்தாங்களாண்ணே?" என்று கத்தியதில் எல்லார் காதும் அடைத்துப் போயிற்று. குடுத்தாங்க என்றார். ஆறாம் நிலையத்தில் ஒரே இரவில் மூன்று மீட்டர் ஏற்றம். ஏழாவதில் பாலத்தை மூடிவிட்டார்கள். அன்றைக்கு ஹாரன் சத்தமே இல்லை.

ஒன்பது மணிக்குத் தண்ணீர் வந்தது. கணக்குப் போட்டிருந்தால் சாயங்காலம் என்றுதான் அவள் எழுதியிருப்பாள். எழுதாமல் விட்டது நல்லதாயிற்று.

சினிமாவில் வருகிற மாதிரி சுவராக எழும்பியெல்லாம் வரவில்லை. நுரை வந்தது. நுரையோடு வைக்கோல் வந்தது. அப்புறம் வேலிக் கம்புகள், ஒரு கதவு, கால் உடைந்த ஒரு கட்டில் என்று மேலே யார் யாருடைய வீடுகளோ துண்டு துண்டாக வந்தன. படித்துறையில் மூன்றாம் படியிலிருந்து பதினொன்றாம் படிக்கு அரை மணியில் ஏறிவிட்டது. திட்டு முதலில் ஓரங்களில் இளகியது. பிறகு நடுவில் ஒரு பச்சைக் கோடாக நின்றது. பிறகு அதுவும் இல்லை. நாற்பது கூரைகள் மட்டும் தண்ணீர்மேல் உட்கார்ந்திருந்தன. கொடியிலிருந்து பிடுங்கிக்கொண்டு தர்பூசணிகள் நூற்றுக்கணக்கில் மேலே வந்து, ஒன்றோடொன்று முட்டிக்கொண்டு, கடலைப் பார்த்து ஊர்வலமாகப் போயின.

நாற்பது குடும்பமும் கரையில் நின்று பார்த்தது. பெண்கள் சிலர் அழுதார்கள். தலையை எண்ணிப் பார்த்தார்கள், ஒன்றும் குறையவில்லை. அதற்கும் அழுதார்கள். யாரும் அளவம்மாவிடம் வந்து நன்றி என்று சொல்லவில்லை. அந்த நேரத்தில் சொல்லியிருந்தால்தான் அவளால் தாங்கியிருக்க முடியாது.

தம்பி தண்ணீர் தொடுகிற படியில் நின்றான். தண்ணீர் அவன் கணுக்காலை நனைத்துக்கொண்டிருந்தது. அவன் வீட்டுக் கூரையின் ஒரு மூலை சாய்வதை இருவருமே பார்த்தார்கள். அவள் பக்கத்தில் போய் நின்றாள். தோளில் கை வைக்கலாமா என்று யோசித்து, பயந்து, வைக்காமல் இருந்தாள். நேற்றிலிருந்து அவன் அவளிடம் பேசவில்லை.

"அக்கா," என்றான்.

"சொல்லுடா."

"இது அந்த மனுஷன் வீட்ல நின்ன தண்ணிதானே?"

"அதேதான்."

"அங்க வடிஞ்சாத்தான் இங்க வருது, இல்ல?"

"ஆமாம். அங்க இருக்கறது எல்லாம் நம்ம வழியாத்தான் போகணும். அவருக்கு வேற வழி கிடையாது."

அவன் கூரையையே பார்த்துக்கொண்டிருந்தான். அது இன்னும் கொஞ்சம் சாய்ந்து, சத்தமில்லாமல் உள்ளே போனது. அவன் முகத்தைத் துடைத்துக்கொண்டான்.

"சரி, வரட்டும்," என்றான். "சீக்கிரமா வந்து தொலையட்டும். அவர் மேசையை விட்டுக் கீழ இறங்கணும்."